கேமரா முன்னால் ஊரைச் சொல்ல உட்காருகிறவர்களுக்கு

திருநெல்வேலிக்குப் படம்பிடிக்க வருகிற குழுவினர் பெரும்பாலும் சென்னையிலிருந்து நெல்லை எக்ஸ்பிரஸில் காலையில் வந்து இறங்கி, மறுநாள் இரவு அதே வண்டியில் திரும்பிவிடும் கணக்கோடுதான் வருகிறார்கள். அந்த இரண்டு பகலுக்குள் அவர்களுக்கு ஊரும் வேண்டும், ஊரைச் சொல்ல ஓர் ஆளும் வேண்டும். அந்த ஆள் வில்லுப்பாட்டுப் புலவராக இருக்கலாம். அல்வா கிண்டும் மாஸ்டராகவோ, பத்தமடையில் பாய் முடைகிறவராகவோ, தேரோட்டத்தன்று ரத வீதியில் சறுக்குக்கட்டை போடுகிறவராகவோ இருக்கலாம். "ஊர் சார்பா நாலு வார்த்தை பேசுங்க அண்ணாச்சி" என்று கேட்டு, சட்டையில் மைக்கைச் செருகிவிடுவார்கள். அப்படி உட்கார நேர்கிறவருக்காக இதை எழுதுகிறேன்.

தமிழாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். வில்லிசைக் குழு ஒன்றில் பல ஆண்டுகள் பின்பாட்டும் பாடியிருக்கிறேன். முதன்முதலில் ஒரு தொலைக்காட்சிக் குழு என்னைக் குறுக்குத்துறைப் படித்துறையில் உட்காரவைத்தபோது, நதியைப் பற்றியும் அங்குள்ள முருகன் கோயிலைப் பற்றியும் நாற்பது நிமிடம் பேசினேன். ஒளிபரப்பில் வந்தது ஒரே வாக்கியம்: "அல்வான்னா நாக்குல வச்சதும் வழுக்கிட்டுப் போகணும்." அது காபி குடிக்கும்போது சும்மா சொன்னது. அவர்கள் வெட்டியதில் எனக்கு வருத்தம் உண்டு. ஆனால் நாற்பது நிமிடத்தில் வெட்ட முடியாத ஒரு நிமிடத்தைக்கூட நான் கொடுக்கவில்லை என்பது பிறகுதான் உறைத்தது. ஊர் முழுவதையும் சொல்ல ஆசைப்பட்டதே அதற்குக் காரணம். உங்கள் கைக்கும் காலுக்கும் தெரிந்ததை மட்டும் நீங்கள் சொல்லுங்கள். மீதியைச் சொல்லத் தக்க ஆளைக் கைகாட்டிவிடுங்கள். கீழே நான் சொல்லும் எல்லாமே இதன் விரிவுதான்.

சம்மதிக்கும் முன்பு

எதற்காகப் படமெடுக்கிறார்கள் என்பதை முதலில் கேளுங்கள். செய்தி, ஆவணப்படம், சாப்பாட்டு நிகழ்ச்சி, போட்டி நிகழ்ச்சி, யூடியூப் என ஒவ்வொன்றுக்கும் உங்களிடமிருந்து வேண்டியது வேறு. சாப்பாட்டு நிகழ்ச்சிக்காரரிடம் ஆதிச்சநல்லூர் முதுமக்கள் தாழிகளைப் பற்றிப் பேசினால் அவர் தலையாட்டிக்கொண்டே கேமராவை அணைத்துவிடுவார். எத்தனை நிமிடம் வரும், எங்கே வரும், வேறு யாரிடமெல்லாம் பேசுகிறார்கள் என்றும் கேட்டுக்கொள்ளுங்கள். கடைசிக் கேள்வி முக்கியமானது. ஊருக்கே நீங்கள் ஒருவர்தான் என்றால் பொறுப்பு கூடுகிறது. நால்வரில் ஒருவர் என்றால் உங்கள் பங்கை மட்டும் செம்மையாகச் செய்தால் போதும்.

அடுத்தது காகிதம். கையெழுத்துக்கு நீட்டப்படும் ஒப்புதல் படிவம் பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருக்கும். உங்கள் முகத்தையும் குரலையும் எல்லா ஊடகங்களிலும் எக்காலத்துக்கும் பயன்படுத்திக்கொள்ளலாம் என்ற பொருள்பட ஒரு வரியும் அதில் பெரும்பாலும் இருக்கும். தமிழில் வாசித்துக்காட்டச் சொல்லுங்கள். எந்த நிகழ்ச்சிக்காக என்பதைக் கையாலேயே எழுதி, அதன்கீழ் கையெழுத்திட்டு, செல்போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இதைக் கேட்டால் மரியாதைக் குறைவாகிவிடுமோ என்று தயங்குகிறவர்கள் நம் ஊரில் மிகுதி. கேட்பதால் யாரும் கோபித்துக்கொள்வதில்லை.

பணப் பேச்சில் இன்னும் கூச்சம். வில்லுப்பாட்டு என்றால் புலவர் ஒருவர் மட்டுமில்லை. குடம், உடுக்கை, தாளம், கட்டை, பின்பாட்டு என்று ஐந்தாறு பேர் அன்றைய வேலையை விட்டுவிட்டு வரவேண்டும். "ஒரே ஒரு பாட்டு, அஞ்சு நிமிஷம்" என்று குழு கேட்டாலும், ஆலங்குளம் பக்கத்திலிருந்து வருகிறவருக்கு அது ஒரு முழுப் பகல். ஆகவே ஆளுக்கு ஒரு நாள் சம்பளமும் வண்டிச் செலவும் எவ்வளவு என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுவதுதான் முறை. திரையில் வந்த புகழ் அடுப்பை எரியவைக்கும் என்று நம்பி இதை விட்டுவிட வேண்டாம். 2018-ல் வந்த 'பரியேறும் பெருமாள்' படத்தில் நாயகனின் தந்தையாக வந்து பார்த்தவர்களையெல்லாம் கலங்கவைத்த நெல்லை தங்கராசு, அதற்கு முன் பல ஆண்டுகள் கூத்து மேடைகளில் பெண் வேடம் கட்டி ஆடியவர். படத்துக்குப் பெரும் பாராட்டுக் கிடைத்த பிறகும் அவர் வறுமையில் வாழ்ந்ததைச் செய்திகள் சொல்லித்தான் வெளியூரார் அறிந்தார்கள். 2023 பிப்ரவரியில் அவர் காலமானார்.

பெயரைப் பற்றியும் இப்போதே பேசிவிடுங்கள். 1962-ல் வந்த 'கொஞ்சும் சலங்கை' படத்தில் எஸ். ஜானகியின் குரலோடு இழைந்து வந்தது காருகுறிச்சி அருணாசலத்தின் நாகஸ்வரம். திரையில் அதை வாசிப்பதாகத் தெரிந்ததோ நடிகரின் முகம். அருணாசலம் பேர்பெற்ற வித்துவான் என்பதால் ஊருலகத்துக்கு அது யாருடைய மூச்சு என்று தெரிந்தது. உங்கள் குழுவில் உடுக்கை அடிக்கும் பையனுக்கு அந்தப் பாக்கியம் இல்லை. குழுவில் உள்ள அத்தனை பேரின் பெயர், ஊர், வாசிக்கும் கருவி ஆகியவற்றை ஒரு தாளில் தெளிவாக எழுதி இயக்குநர் கையில் கொடுத்துவிடுங்கள். வாயால் சொன்னால் "இசக்கிமுத்து" என்பது "இசைக்கிமுத்து" ஆகிவிடும், நான் பார்த்திருக்கிறேன்.

எந்தத் தமிழில் பேசுவது

"நல்ல நெல்லை ஸ்லாங்குல பேசுங்க சார்" என்பார்கள். இங்குதான் நம்மவர்கள் வழுக்குகிறார்கள். வீட்டில் பேரனைக்கூட "தம்பி" என்று கூப்பிடுகிறவர், கேமராவைக் கண்டதும் வாக்கியத்துக்கு மூன்று "ஏலே" போட ஆரம்பிக்கிறார். "ஏலே" என்பது வயதில் இளையவரிடமோ உடன்படித்தவரிடமோ உரிமையோடு சொல்வது. மதிப்புக்குரியவரிடம் சொன்னால் கன்னத்தில் விழும். நம் பேச்சின் அழகு அதிலுள்ள மரியாதைப் படிகளில் இருக்கிறது: இளையவனுக்கு "வாலே", சமவயதுக்காரருக்கு "வாரும்வே", பெரியவருக்கு "வாங்க அண்ணாச்சி", அங்கே இல்லாத பெரியவரைப் பற்றிப் பேசும்போதும் "வந்தாவ", "சொன்னாவ". இந்தப் படிகளைத் திரையில் காட்டினால் அது ஊரைக் காட்டியதாகும்.

மேலும், நெல்லைத் தமிழ் என்று ஒரே தமிழ் இல்லை. டவுன் ரத வீதியில் பேசுவது, மேலப்பாளையத்தில் பேசுவது, களக்காட்டுப் பக்கம் பேசுவது, உவரிக் கடற்கரையில் பேசுவது எல்லாம் காதுக்கு வேறுவேறு. நீங்கள் உங்கள் தெருவின் தமிழைப் பேசுங்கள். வெளியூரிலிருந்து வந்த சொந்தக்காரரிடம் எப்படிப் பேசுவீர்களோ அந்த அளவு போதும். அவருக்குப் புரியாத சொல் வந்தால் விளக்குவீர்கள் அல்லவா, அதையே கேமராவுக்கும் செய்யுங்கள். "பைய வாங்க" என்றால் மெதுவாக வாருங்கள் என்று பொருள், "கோட்டி" என்றால் பித்து, "சாரம்" என்றால் கைலி. "மூதி" போன்ற சொற்களை மட்டும் கேமராவுக்கு முன் விட்டுவிடுவது நல்லது. பாட்டி பேத்தியைக் கொஞ்சும்போது அந்தச் சொல்லில் தேன் சொட்டும். திரையில் அது வெறும் வசவாகத்தான் கேட்கும்.

எதைச் சொல்வது, எப்படிச் சொல்வது

குழு மனத்தில் மூன்று பொருள்களோடு வரும்: அல்வா, அரிவாள், ஆறு. அல்வாவை மறுக்க வேண்டாம், அது நம்முடையதுதான். சம்பாக் கோதுமையை ஊறவைத்து, அரைத்து, பாலெடுத்து, தெளியவிட்டு, சர்க்கரையும் நெய்யும் சேர்த்துக் கைவலிக்கக் கிண்டுகிற வேலையை அருகில் நின்று காட்டலாம். தாமிரபரணித் தண்ணீரால்தான் அந்த ருசி என்று கேட்டால், "அப்படித்தான் எங்க ஊர்ல நம்புதோம்" என்று சொல்லுங்கள். நம்பிக்கையை நம்பிக்கையாகச் சொன்னால் யாரும் பிழை காண முடியாது. இந்த இனிப்பை இங்கே பேர்பெறச் செய்தவர்களில் வடக்கிலிருந்து வந்து குடியேறிய குடும்பத்தாரும் உண்டு என்பதையும் சேர்த்துச் சொன்னால், வந்தவர்களையும் தன்னவராக்கிக்கொண்ட ஊர் என்பது தானாகவே தெரியும்.

அரிவாளைக் கையில் கொடுத்து நிற்கச் சொன்னால் மறுத்துவிடுங்கள். அதில் நான் சமரசம் செய்துகொள்வதில்லை. தேங்காய் வெட்டுகிறவர் கையில், வாழைத்தோட்டத்தில் இருக்கிறவர் கையில் அரிவாள் இருக்கட்டும், அது வேலை. மீசையை முறுக்கிக்கொண்டு நிற்பதற்கு அதை வாங்கினால், நீங்கள் சொன்ன மற்றதெல்லாம் அந்த ஒரு படத்துக்கு அடியில் புதைந்துபோகும்.

ஊரைப் பற்றிய தகவல்களில் நம்மவர்கள் அதிகம் தவறுவது எல்லையில்தான். பேச்சுவேகத்தில் "எங்க மாவட்டத்துக் குற்றாலம்", "எங்க மாவட்டத்துத் திருச்செந்தூர்" என்று சொல்லிவிடுகிறோம். 1986-ல் தூத்துக்குடி தனி மாவட்டமானது. 2019 நவம்பரில் தென்காசி தனி மாவட்டமானது. குற்றாலம் இப்போது தென்காசியில், திருச்செந்தூரும் ஆதிச்சநல்லூரும் தூத்துக்குடியில். மனத்தளவில் எல்லாம் பழைய திருநெல்வேலிச் சீமைதான் என்றால், "சீமை" என்ற சொல்லையே பயன்படுத்துங்கள். அது வரலாற்றுக்கும் பொருந்தும், அடுத்த மாவட்டத்துக்காரருக்கும் வருத்தம் வராது. அதுபோலவே, "ஆசியாவிலேயே பெரிய", "உலகத்திலேயே ஒரே" என்ற அடைமொழிகளை வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள். ஆனித் தேரோட்டத்தில் நெல்லையப்பர் தேர் வாகையடி முனையில் திரும்பும்போது நீங்கள் பார்த்ததைச் சொன்னால் போதும். எத்தனையாவது பெரிய தேர் என்ற கணக்கு அங்கே வேண்டியதில்லை.

பேட்டி எடுப்பவரின் கேள்வி படத்தில் வராது. அவருடைய குரலை வெட்டிவிட்டு உங்கள் பதிலை மட்டும் வைப்பார்கள். எனவே "ஆமா, அது ரொம்ப காலம் முன்னாடி" என்று பதில் சொன்னால் எது என்று யாருக்கும் புரியாது. கேள்வியின் பொருளைப் பதிலுக்குள் கொண்டுவந்து, மூன்று நான்கு வாக்கியங்களில் தொடங்கி முடித்துவிட வேண்டும். சுலோசன முதலியார் பாலத்தைப் பற்றிக் கேட்டால் இப்படிச் சொல்லலாம்: "நெல்லையையும் பாளையங்கோட்டையையும் சேக்குற இந்தப் பாலம் 1843-ல திறந்தது. சுலோசன முதலியாருன்னு ஒருத்தரு, சர்க்கார் உத்தியோகத்துல இருந்தவரு, தன் கைக்காசப் போட்டுக் கட்டுனாவ. எங்க தாத்தா இந்தப் பாலத்துல நடந்துதான் பள்ளிக்கூடம் போனாவ." இதில் ஆண்டு இருக்கிறது, ஆள் இருக்கிறார், உங்கள் வீடும் இருக்கிறது. எங்கே வெட்டினாலும் ஒரு துண்டு முழுசாக நிற்கும். இத்தகைய நான்கைந்து துண்டுகளை முந்தின இரவே சொல்லிப்பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். மனப்பாடம் வேண்டாம், வரிசை மட்டும் நினைவில் இருந்தால் போதும். நான் அன்று குறுக்குத்துறையில் செய்திருக்க வேண்டியதும் இதுவே. ஆற்றில் வெள்ளம் வந்தால் அந்தக் கோயில் மூழ்கும். அதற்கு முன் உற்சவ மூர்த்தியை மேலக்கோயிலுக்குக் கொண்டுபோய்விட்டு, தண்ணீர் வடிந்ததும் திரும்ப அழைத்துவருவார்கள். வெள்ளத்தோடு ஒத்துப்போக ஊர் கற்றுக்கொண்ட விதம் இது ஒன்றிலேயே தெரிந்துவிடும். இருபது நொடிக்கு மேல் தேவைப்படாது.

பேச்சில் தடுமாறினால் நிறுத்தி, "மறுபடி சொல்லுதேன்" என்று வாக்கியத்தின் தொடக்கத்திலிருந்து சொல்லுங்கள். பாதியிலிருந்து சொன்னால் ஒட்டவைக்க முடியாது. உடை விஷயத்தில் சுருக்கமாக: நெருக்கமான கோடு போட்ட சட்டை திரையில் அலையும், பட்டு மைக்கில் சரசரக்கும், பருத்திதான் நல்லது. ஆற்றங்கரையில் மாலைக் காற்று மைக்கைத் தின்றுவிடும்; காலை ஏழு மணிக்கு முன்பு வரச் சொல்லுங்கள்.

வில்லைக் கேமராவுக்குள் அடக்குவது

நான் அதிகம் அறிந்தது இதுதான் என்பதால் இங்கே சற்று நின்று சொல்கிறேன். ஊர்ச்சாமிக்கு எடுக்கும் கொடை விழாவில் விடிய விடியப் பாடும் கதையை மூன்று நிமிடத்துக்குள் கேட்பார்கள். சினம் வரும், ஆனால் வில்லிசையை ஊர்க்கோயில் முற்றத்திலிருந்து வெளியே கொண்டுபோனவர்களும் இதே சிக்கலைச் சந்தித்தவர்கள்தான். என்.எஸ். கிருஷ்ணன் அதைத் திரைக்கும் பொதுமேடைக்கும் கொண்டுசென்றார். நம் சத்திரம் புதுக்குளத்தில் 1928-ல் பிறந்த சுப்பு ஆறுமுகம், அவரோடு சென்னை சென்று, வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் ஏற்ற அளவில் வில்லுப்பாட்டை வடித்தார். 2021-ல் பத்மஸ்ரீ பெற்று, அடுத்த ஆண்டு மறைந்தார். சுருக்குவது குறையாகாது, எதைச் சுருக்குகிறோம் என்பதில்தான் சூட்சுமம்.

தொடக்கத்தில் சாமியை வணங்கிப் பாடும் காப்பில் ஒரே ஒரு அடி, கதையில் ஒரே ஒரு காட்சி, முடிவில் வாழ்த்திப் பாடும் வாழியில் இரண்டு வரி. இவ்வளவையும் மூன்று நிமிடத்தில் வைக்க முடியும். கதைச் சுருக்கம் சொல்லப் போனால் முத்துப்பட்டன் கதைக்கு ஒரு மணி நேரம் போதாது. அதற்குப் பதிலாக, பிராமணப் பிள்ளையான பட்டன் பொம்மக்கா, திம்மக்காவின் பாட்டைக் காட்டில் கேட்டு நிற்கும் இடத்தை மட்டும் எடுத்துப் பாடினால் பார்ப்பவர் மீதியைத் தேடி வருவார். பின்பாட்டுக்காரர் "ஆமா" போடுவதைக் குறைக்கச் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். கதை உயிரோடு நடப்பதே அந்த "ஆமா"வில்தான். ஒலிப்பதிவாளரிடம் குடத்தின் பக்கத்தில் தனி மைக் வைக்கச் சொல்லுங்கள். ஒரே மைக் என்றால் குடத்தின் வாயில் அடிக்கும் பத்தி விழும் ஒவ்வொரு முறையும் புலவரின் குரல் அமுங்கும். வீசுகோல் வில்லில் படும்போது மணிகள் சிதறி ஒலிப்பதை ஒருமுறை பாட்டில்லாமல் தனியாகப் பதிவு செய்துகொள்ளச் சொன்னால், தொகுப்பவர் உங்களை வாழ்த்துவார்.

சாமியை வரவழைக்கும் பகுதியை மட்டும் படத்துக்காகப் பாட வேண்டாம் என்பது என் கருத்து. வெயிலில், கோயிலும் படையலும் இல்லாத இடத்தில், மூன்றாவது தடவை "இன்னொரு டேக்" என்று கேட்கும்போது அதைப் பாடுவது எனக்கு ஒப்பவில்லை. கூட்டத்தில் யாருக்காவது அருள் வந்துவிட்டால் யார் பொறுப்பு? உண்மையான கொடையிலேயே படமெடுக்க விரும்பினால், ஊர் நிர்வாகத்தாரிடம் அனுமதி கேட்கவேண்டியது குழுவின் வேலை. நீங்கள் உடன்போய் அறிமுகப்படுத்தலாம். வாக்குக் கொடுக்க முடியாது. நள்ளிரவில் நடக்கும் சாமக்கொடையில் சாமியாடியின் முகத்துக்கு நேரே விளக்கைப் பாய்ச்சக்கூடாது என்பதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். கணியான் கூத்தில் கலைஞர் தம் உடலைக் கீறிச் செய்யும் சடங்கைப் பிடித்துக்கொடுக்கக் கேட்பவர்களும் உண்டு. அதைக் காட்டுவதா வேண்டாமா என்பது அந்தக் கலைஞர்கள் முடிவு, அவர்களுடைய மகுடப் பறையை அடிக்காத நமக்கு அதில் பேச இடமில்லை. கோயிலுக்குள் படமெடுக்க அறநிலையத்துறையிடமும், சொரிமுத்தையனார் கோயில் புலிகள் காப்பகக் காட்டுக்குள் இருப்பதால் அங்கே வனத்துறையிடமும் அனுமதி வாங்க வேண்டும் என்று குழுவிடம் வாரம் முன்னதாகவே சொல்லுங்கள். வந்து இறங்கிய அன்று சொன்னால் உங்களைத்தான் நொந்துகொள்வார்கள்.

சொல்லாமல் விடவேண்டியவை

தேர் வடம், முதல் மரியாதை, சாமி ஊர்வலம் போகும் தெரு, எந்தச் சாமி யாருடையது என்பன நம் சீமையில் வெறும் தகவல்கள் அல்ல; ஒரு வாக்கியம் திரையில் வந்து, மறுநாள் தெருவில் தகராறாகியிருக்கிறது. உங்கள் சமூகத்தின் பெருமையைச் சொல்லும்போது அடுத்தவரைத் தாழ்த்தும் ஒரு சொல் விழுந்துவிட்டால், உடனே, படப்பிடிப்பு நடக்கும்போதே, அந்த இடத்தை நீக்கச் சொல்லுங்கள். வீட்டுக்குப் போய் யோசித்துப் போன் செய்தால் நேரம் கடந்திருக்கும்.

"இந்தக் கலையின் கடைசித் தலைமுறை நீங்கள்தானே?" என்று கேட்பார்கள். அவர்களுக்கு அது நல்ல முடிவு. பின்னணியில் சோகமாக ஒரு புல்லாங்குழலும் போட்டுக்கொள்வார்கள். உங்கள் குழுவில் இருபது வயதுப் பிள்ளை ஒருவன் குடம் அடித்துக்கொண்டிருக்கும்போது அதற்கு ஆமாம் போடலாமா? அவனைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்து, அவனையே பேசவிடுங்கள். உங்கள் கஷ்டங்களையும் நீங்கள் விரும்பினால் மட்டும், விரும்பிய அளவு மட்டும் சொல்லுங்கள்.

ஒளிபரப்பான பிறகு

நிகழ்ச்சியின் ஒரு பிரதியைக் கேட்டு வாங்கிக் குழுவினர் எல்லோரோடும் உட்கார்ந்து பாருங்கள். பிழை இருந்தால் எந்த நிமிடத்தில், என்ன பிழை, சரியானது எது என்று மூன்றே வரியில் எழுதி அனுப்புங்கள். யூடியூபில் இருப்பதை அவர்கள் பெரும்பாலும் திருத்திவிடுகிறார்கள். தெருவில் நாலு பேர் குறை சொல்வார்கள், "எங்க தெருவ விட்டுட்டீரே வே" என்று. அவர்கள் சொல்வதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

நான் ஒரு நோட்டு வைத்திருக்கிறேன். யார் எதைப் பற்றிப் பேசத் தக்கவர், எந்த நேரத்தில் கிடைப்பார், கேமராவுக்கு முன் வர அவருக்குச் சம்மதமா என்பதெல்லாம் அதில் இருக்கிறது. சென்ற மாதம் ஒரு குழு பத்தமடைப் பாயைப் பற்றி என்னிடம் பேட்டி கேட்டது. கோரை தாமிரபரணிக் கரையில் வளர்வது, ஊறவைத்து, கீறி, சாயமேற்றிப் பட்டுப்போல் மெல்லியதாக முடைவது என்பது வரை எனக்கும் தெரியும். ஆனால் அந்தத் தறியில் உட்கார்ந்து வந்தவர்கள் அவ்வூர் முஸ்லிம் பெண்கள். அவர்கள் விரல் சொல்வதை என் வாய் சொல்ல முடியாது. நோட்டைப் பார்த்து அங்கே ஓர் அம்மாவுக்குப் போன் செய்து கேட்டேன். "லுஹர் தொழுகை முடிஞ்சு ரெண்டு மணிக்கு மேல வரச் சொல்லுங்க, முகம் காட்ட மாட்டேன், கைய மட்டும் எடுத்துக்கிடட்டும்" என்றார்கள். அப்படியே எழுதிக் குழுவிடம் கொடுத்து, பத்தமடை வழியாகச் சேரன்மகாதேவி போகும் பஸ்ஸில் ஏற்றிவிட்டேன்.